மயிலைக் காளையும் மாய வீரனும்

சென்ற தை மாதத்தில் ஒரு கலியாணத்தை முன்னிட்டுக் காங்கேயம் போயிருந்தேன். கலியாணத்துக்குப் போய் வந்தவன் விருந்தைப் பற்றி எழுதுவதுதான் முறை. முந்திய நாள் இரவு அந்த வீட்டில் எனக்குப் பரிமாறிய அரிசியம்பருப்புச் சோற்றையும், அதன் நடுவே குழி பறித்து வார்த்த நெய்யையும் பற்றி ஒரு பக்கம் எழுத எனக்கும் ஆசைதான். ஆனால் இந்த வாரம் நான் சொல்ல வந்தது வேறு விஷயம். அந்தச் சோற்றைச் சாப்பிட்ட பிறகு, அதே வீட்டின் மாடியறையில் நான் கண்ட பத்து வினாடிக் காட்சியைப் பற்றியது அது.

காட்டியவன் அந்த வீட்டுப் பையன். கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறான். கம்ப்யூட்டர் திரையில் மழை பெய்து கொண்டிருந்தது. இருட்டிலிருந்து இரும்புக் கவசம் பூண்ட ஒரு வீரன் நடந்து வந்தான். கவசத்தில் பழைய வெட்டுக் காயங்கள். அவற்றின் ஓரங்களில் துரு. மழைத்துளி தோளில் விழுந்து, மார்பில் வழிந்து, இடுப்புக் கச்சையில் தங்கியது. யாரோ ஒரு நடிகனுக்கு வேஷம் போட்டுப் படம் பிடித்திருக்கிறார்கள் என்றே எண்ணினேன்.

நடிகனும் இல்லை, காமிராவும் இல்லை, மழையும் இல்லை. அந்த வீரன் வெளிநாட்டு வீடியோ விளையாட்டு ஒன்றின் கதாநாயகன். விளையாட்டில் பொம்மை போல் ஓடித் திரியும் அவனை, ரத்தமும் சதையுமாகப் பார்க்க வேண்டும் என்று பையனுக்கு ஆசை. இரண்டரை மாத காலம் இரவுத் தூக்கத்தைக் கெடுத்துக் கொண்டு, தன்னந்தனியாக அவனை உண்டாக்கியிருக்கிறான். யாரும் கேட்கவில்லை; யாரும் கூலி கொடுக்கவில்லை.

நான் பாராட்டிக் கொண்டிருக்கும்போதே தோட்டத்திலிருந்து வந்திருந்த அவனுடைய அப்புச்சி, அதாவது தாயாரின் தகப்பனார், மாடியேறி வந்தார். சற்று நேரம் திரையை உற்றுப் பார்த்தார்.

“யாரு கண்ணு இது?”

“ஒரு வெளையாட்டுல வர்ற வீரனுங்க அப்புச்சி. நானே பண்ணுனதுங்க.”

“மூஞ்சி எல்லாம் நல்லாத்தான் இருக்குது. ஆனா, மேலுல அத்தனை இரும்பைப் போட்டுக்கிட்டு நடக்கறவன் நடையா இது? கால் மண்ணுல படறப்போ கனம் தெரியோணுமல்ல? பாரம் ஏத்தாத வண்டியாட்டம் போறானே!”

பையன் கோபித்துக் கொள்வான் என்று நினைத்தேன். அவனோ வாயைப் பிளந்து கொண்டு அப்புச்சியைப் பார்த்தான். “பதினஞ்சு நாளா என்னமோ சரியில்லைன்னு தேடிக்கிட்டு இருந்தேனுங்க. அது இதுதானுங்க!” என்றான்.

கம்ப்யூட்டரைக் கையால் தொட்டறியாத பெரியவர் ஒருவர், பதினைந்து நாள் அகப்படாத பிழையை ஒரு நிமிஷத்தில் கண்டுபிடித்தது எப்படி? இந்தக் கேள்வி கலியாணம் முடிந்த பிறகும் என்னை விடவில்லை.

* * *

இந்த வித்தை நடைபெறும் விதத்தை முதலில் சொல்லி விடுகிறேன். பையன் எனக்கு விளக்கியதை நான் புரிந்து கொண்ட அளவில் எழுதுகிறேன்.

நமது ஐயனார் கோவில் மண் குதிரையை எண்ணிக் கொள்ளுங்கள். முதலில் உருவத்தை வனைய வேண்டும். கம்ப்யூட்டருக்குள் மண்ணுக்குப் பதிலாக ஆயிரக்கணக்கான சிறு கட்டங்கள். பிறகு தோலுக்கு நிறம், கவசத்துக்குத் துரு, கண்ணுக்கு ஈரம். அதன் பிறகு உருவத்துக்கு உள்ளே ஓர் எலும்புக்கூட்டைச் செருக வேண்டும். எந்த எலும்பு அசைந்தால் எந்தத் தசை எவ்வளவு அசையும் என்று ஒவ்வொன்றாக நிர்ணயிக்க வேண்டும். பொம்மலாட்டக்காரர் நூல் கட்டுவதற்கு இது சமானம்.

நூல் கட்டிய பிறகுதான் ஆட்டம். சினிமாவில் ஒரு வினாடிக்கு 24 படங்கள். ஆகவே பத்து வினாடிக்கு 240. பையன் அத்தனையையும் தனித்தனியே அமைப்பதில்லை. கால் தூக்கிய நிலை, கால் ஊன்றிய நிலை என்று முக்கியமானவற்றை மட்டும் அமைப்பான். இடைப்பட்டவற்றை யந்திரம் நிரப்பும். அபாயமும் இங்கேதான் இருக்கிறது. இடத்திலிருந்து இடத்துக்குக் காலை நகர்த்த யந்திரத்துக்குத் தெரியும். அந்தக் கால் சுமக்கும் பாரம் தெரியாது. பாரத்தை மனிதன்தான் சொல்லித் தர வேண்டும். கால் ஊன்றும்போது இடுப்பு எவ்வளவு தாழும், எதிர்த்தோள் எப்பொழுது முன்வரும், ஊன்றிய கால் மண்ணை விட எவ்வளவு தயங்கும் என்பதையெல்லாம் உலகத்தைப் பார்த்தவன்தான் அறிவான்.

கடைசியாக ஒளி. விளக்கிலிருந்து புறப்படும் ஒளிக்கதிர் எதில் பட்டு எங்கே திரும்பும் என்று யந்திரம் கணக்கிட்டு ஒவ்வொரு படமாகத் தீட்டுகிறது. அந்தப் பையனுடைய கம்ப்யூட்டருக்கு ஒரு படம் தீட்ட ஏழெட்டு நிமிஷம் ஆகிறதாம். பத்து வினாடிக் காட்சிக்கு ஒரு நாளுக்கு மேல் யந்திரம் அனல் கக்குகிறது. இடையில் மின்சாரம் நின்று போனால் என்ன ஆகும் என்பதைக் கொங்கு நாட்டு வாசகர்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

* * *

அபிமானிகள் இவ்வாறு பாடுபடுவது காங்கேயத்தில் தொடங்கியதல்ல. 1996-ம் ஆண்டில் அமெரிக்காவில் ‘குவேக்’ என்னும் விளையாட்டை ஆடிய சில வாலிபர்கள், அந்த விளையாட்டுக்குள்ளேயே பாத்திரங்களை நடமாட விட்டு ஒரு சிறு கதையைத் தயாரித்தார்கள். ‘டைரி ஆஃப் எ கேம்பர்’ என்று பெயர். விளையாட்டைக் கொண்டு படம் எடுக்கும் வழக்கம் அதிலிருந்து பரவியது. 2003-ல் டெக்ஸாஸ் நண்பர்கள் சிலர் ‘ஹேலோ’ விளையாட்டின் சிப்பாய்களை வைத்து ‘ரெட் வெர்ஸஸ் புளூ’ என்னும் ஹாஸ்யத் தொடரை ஆரம்பித்தார்கள். 2007-ல் மான்டி ஓம் என்ற இளைஞர், இரண்டு வெவ்வேறு விளையாட்டுகளின் வீரர்களை ஒரே களத்தில் மோத விட்டு ‘ஹேலாய்ட்’ என்னும் படத்தைத் தனியாகவே செய்து வெளியிட்டார். அதன் வேகத்தைக் கண்டு உலகம் பிரமித்தது. அவரைப் படக் கம்பெனியார் அழைத்துக் கொண்டார்கள். பிறகு சொந்தக் கற்பனையில் ‘ரூபி’ என்னும் தொடரைப் படைத்தார். 2015-ல் மிக இளம் வயதில் அவர் காலமானது அந்தக் கலைக்குப் பெரிய நஷ்டம்.

அபிமானிக்கும் உடைமைக்காரனுக்கும் உள்ள உறவு எப்பொழுதும் இவ்வளவு இனிமையாக இருப்பதில்லை. ‘வார்ஹாமர் 40,000’ என்பது மேஜை மேல் பொம்மைகளை வைத்து ஆடும் விளையாட்டு. பல வீடியோ விளையாட்டுகளாகவும் வந்திருக்கிறது. அதன் வீரர்களை வைத்து ஸ்யாமா பெடர்சன் என்பவர் 2018 முதல் 2020 வரை ‘அஸ்டார்டீஸ்’ என்னும் ஐந்து சிறு படங்களைச் செய்தார். பெரிய ஸ்டூடியோக்கள் வெட்கும்படியான வேலை. 2021-ல் விளையாட்டின் சொந்தக்காரர்கள் அவரைத் தங்களிடம் சேர்த்துக் கொண்டார்கள். அதே ஆண்டில், அபிமானிகள் இனிமேல் தங்கள் பாத்திரங்களை வைத்துப் படம் செய்யக் கூடாது என்றும் அறிவித்தார்கள். ஒருவருக்குக் கதவைத் திறந்து, மற்றெல்லோருக்கும் அடைத்தார்கள் என்று அபிமானிகள் வருந்தினார்கள். இதற்கு மாறாக, ‘ஹேலோ’வின் உடைமையாளரான மைக்ரோஸாஃப்ட் 2007-லேயே, பணம் சம்பாதிக்காத வரையில் அபிமானிகள் படம் செய்து கொள்ளலாம் என்று விதிகளை எழுதி வெளியிட்டிருந்தது.

நமது காங்கேயத்துப் பையனுக்கும் இந்த விஷயத்தில் ஓர் அநுபவம் உண்டு. இதற்கு முன் அவன் செய்த படம் ஒன்றை நாலு பேர் பார்க்கும்படி வெளியிட்டான். நாலாம் நாள், பாத்திரத்தின் உடைமைக்காரர்கள் ஆட்சேபித்ததாக அறிவிப்பு வந்தது. படம் மறைந்து போயிற்று. எந்தக் கம்பெனி என்பது நமக்கு அவசியமில்லை. சட்டம் அவர்கள் பக்கம் இருக்கலாம். ஊரான் தோட்டத்தில் நாம் பாத்தி கட்டித் தண்ணீர் பாய்ச்சினால், வெள்ளாமை நமக்குச் சொந்தமாகி விடாது அல்லவா?

“மனசு உடைஞ்சு போச்சுங்க. ஆனாலும் மறுபடியும் அவனைத்தான் பண்ணுனேன்,” என்றான் பையன்.

“ஏன் அப்பா? வேறு வீரனே கிடைக்கவில்லையா?”

“எனக்குத் தெரிஞ்ச வீரன் அவன்தானுங்களே!”

இந்தப் பதிலைக் கேட்டபோது எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஏனென்றால் அவன் உட்கார்ந்திருந்த இடம் காங்கேயம்.

* * *

காங்கேயத்தை அடுத்து ஓலப்பாளையம் என்று ஒரு கிராமம் இருக்கிறது. 1964-ல் ஆக்ஸ்போர்டு சர்வகலாசாலை மாணவி ஒருவர் அங்கே வந்து குடியேறினார். பிரெண்டா பெக் என்று பெயர். குடியானவர்களின் வாழ்க்கையை ஆராய்வதற்காக வந்தவர், இரண்டு ஆண்டு தங்கினார். கொங்கு நாட்டுச் சமூகத்தைப் பற்றி அவர் எழுதி 1972-ல் வெளியான ஆங்கில நூல் இன்றும் பெயர் பெற்றது. ஆனால் ஓலப்பாளையத்தில் அவர் கண்டெடுத்த பெரும் புதையல் வேறொன்று. இரவு நேரத்தில் உடுக்கை ஒலியோடு பாடப்பட்ட அண்ணன்மார் கதைதான் அது.

பொன்னர், சங்கர் என்னும் இரட்டையரின் கதையைக் கொங்கு நாட்டு வாசகர்களுக்கு நான் சொன்னால், கொல்லன் தெருவில் ஊசி விற்ற கதையாகி விடும். மற்ற ஜில்லாக்காரர்களுக்காகச் சிறிது சொல்கிறேன். அநாதையாக அலைந்து நிலம் திருத்திய குன்னுடையாக் கவுண்டர், பிள்ளை வேண்டித் தவமிருந்த தாமரை, அவர்களுடைய மைந்தர் இருவர், வருவதை முன்கூட்டி அறியும் தங்கை தங்காள். எதிரே, தலையூர்க் காளியும் வேட்டுவ வீரர்களும், கொம்பன் என்னும் பெரும் பன்றியும். பெரிய நாய்களெல்லாம் தோற்ற இடத்தில், பொன்னாச்சி என்னும் சிறு பெட்டை நாய் அந்தப் பன்றியை மடக்குகிறது. முடிவில் அண்ணன்மார் இருவரும் போர்க்களத்தில் மாள்கிறார்கள். தங்காள் காடெல்லாம் தேடி அலைந்து அவர்களைக் காண்கிறாள். கவிஞர் சக்திக்கனல் பதிப்பித்ததும், கலைஞர் கருணாநிதி நாவலாக எழுதியதும், அந்த நாவல் 2011-ல் சினிமாவாக வந்ததும் இந்தக் கதைதான்.

பெக் அம்மையார் 1965-ல் இக்கதையைப் பல இரவுகள் தொடர்ந்து நாடாவில் பதிவு செய்தார். ராமசாமி என்ற பாடகர் ஊரார் முன்னிலையில் பாடியது ஒரு வகை. அதே பாடகர் எழுதுவோருக்கு நிறுத்தி நிறுத்திச் சொன்னது மற்றொரு வகை. இரண்டையும் ஒப்பிட்டு 1982-ல் ஒரு நூல் எழுதினார். 1992-ல் சென்னை ஆசியவியல் நிறுவனத்தின் வாயிலாகக் கதையையே தமிழும் ஆங்கிலமுமாக இரண்டு தொகுதிகளில் அச்சிட்டார். பதவியில் இருக்கும் பேராசிரியருக்கு இவ்வளவு போதும். ஆனால் அந்த அம்மாளுக்குப் போதவில்லை. அவர் வெறும் ஆராய்ச்சியாளர் மட்டும் அல்ல, அபிமானியும் கூட.

புத்தகத்தைப் படிக்காத குழந்தைகளும் இந்தக் கதையைப் பார்க்க வேண்டும் என்று எண்ணி, இந்த நூற்றாண்டில் கனடாவில் இருந்து கொண்டே, தமிழ் ஓவியர் ரவிச்சந்திரன் ஆறுமுகத்தின் துணையுடன், கதை முழுவதையும் அசையும் சித்திரமாக்கினார். ‘பொன்னிவளக் கதை’ என்று 26 பாகங்கள். தமிழிலும் ஆங்கிலத்திலும் குரல். பாகத்துக்கு ஏறக்குறைய அரை மணி. கனடாவில் தொலைக்காட்சியிலும் காட்டப்பட்டது. கோடிக்கணக்கில் பணம் போட்ட ஸ்டூடியோ எதுவும் இதைச் செய்யவில்லை. கதையின் மேல் மாளாத காதல் கொண்ட ஒருவர் செய்தார். ஒருவரும் அறிவிப்பு அனுப்பவில்லை. ஒருவரும் படத்தை மறைக்கவில்லை. அண்ணன்மாருக்கு உடைமைக்காரன் யார்? பாடியவர்களும் கேட்டவர்களும்தான்.

* * *

“அபிமானி படம்” என்பது புதிய பெயராக இருக்கலாம், பொருள் புதியதல்ல. கொங்கு நாட்டில் உடுக்கடிப் பாட்டு எப்படி நடக்கிறது? பாடகர் ஒரே வார்த்தையை இருமுறை பாடுவதில்லை. ஊருக்கு ஊர், இரவுக்கு இரவு, கதையில் சிறிது கூட்டுவார், சிறிது குறைப்பார். குயவர் தம் கைவண்ணத்தில் குதிரை செய்து வைப்பார். சுதை வேலைக்காரர் சங்கருக்குத் தமக்குப் பிடித்த மீசையை வைப்பார். எல்லாவற்றுக்கும் மேலாகப் படுகளம். மணப்பாறையை அடுத்த வீரப்பூரில் மாசி மாதத்திலும், பல ஊர்ப் பாட்டு அரங்குகளிலும், கதையில் வீரர்கள் விழும் கட்டம் வந்ததும், கேட்டுக் கொண்டிருக்கும் ஆட்களே ஆவேசம் வந்து வீரர்களாக மண்ணில் விழுகிறார்கள். பிறகு அவர்களைத் தங்காளின் பெயரால் எழுப்புகிறார்கள். வீடியோ விளையாட்டில் கதாநாயகன் விழுந்து மீண்டும் எழுவதைக் கண்டு மகிழும் பையன்கள் இதைப் பார்க்க வேண்டும்! இங்கே விழுவது பொம்மை அல்ல. பக்கத்து வீட்டுப் பெரியப்பா.

ஆகவே, பாத்திரத்தின் மேல் ஆசை வைத்து அதைத் தானும் ஒருமுறை படைத்துப் பார்ப்பது நமக்குப் பரம்பரை வழக்கம். நமது பையன் அந்த வழக்கத்தை விட்டுவிடவில்லை. கதையை மட்டும் எங்கேயோ விட்டுவிட்டான். அவன் வீட்டில் கடைசியாக அண்ணன்மார் கதை கேட்டவர் அந்த அப்புச்சிதான்.

* * *

இனி, “நிஜம் போல” என்னும் விஷயத்துக்கு வருவோம். பொன்னிவளப் படத்தில் உருவங்கள் நிஜ மனிதர்களைப் போல் இல்லை. கோவில் சித்திரங்களைப் போலவும், தோற்பாவைகளைப் போலவும் தட்டையாக அசைகின்றன. அதுவும் ஓர் அழகு. எனினும் இந்தக் காலத்துப் பையன்கள் அதைக் கண்டு திருப்தியடைவார்களா என்பது சந்தேகம். அவர்களுக்குத் தோலில் வியர்வை தெரிய வேண்டும்.

அதில் தவறு ஒன்றுமில்லை. நமது தெய்வங்களுக்கு நிஜ மனிதர்களின் முகமும் புடவை மடிப்பும் கொடுத்தவர் ரவிவர்மா. 1894-ல் பம்பாயில் அச்சுக்கூடம் வைத்து அந்தப் படங்களை வீடுதோறும் பரப்பினார். பண்டிதர்கள் சிலர் முகம் சுளித்தார்கள்; பாட்டிமார்களோ சட்டம் போட்டுப் பூஜையறையில் மாட்டினார்கள். பாட்டிமார்களே ஜயித்தார்கள்.

ஆனால் நிஜத்தை நெருங்க நெருங்க ஓர் அபாயம் உண்டு. ஜப்பானிய யந்திர நிபுணர் மஸாஹிரோ மோரி 1970-ல் அதைப் பற்றி எழுதினார். பொம்மை மனிதனை ஒத்து வர வர நமக்கு அதன் மேல் பிரியம் அதிகமாகும். ஏறக்குறைய முழுவதும் ஒத்து, ஒரு சிறிது மட்டும் குறையும்போது, பிரியம் திடீரென்று அருவருப்பாக மாறிவிடும். பிணம் எழுந்து நடப்பது போல் இருக்கும். நம் தமிழ் நாட்டில் 2014-ல் வந்த ‘கோச்சடையான்’ இதற்கு உதாரணம். நடிகர்களின் அசைவுகளை யந்திரத்தில் பதிவு செய்து தயாரித்த அந்தப் படம், நமது தேசத்தில் அத்துறையில் முன்னோடி முயற்சி. துணிச்சலைப் பாராட்ட வேண்டும். ஆனாலும் திரையில் ரஜினிகாந்தின் முகத்தைக் கண்ட எனக்கு, அவருடைய கண்ணைக் காணோமே என்று இருந்தது.

நிஜத்துக்கு வழி யந்திரம் அல்ல, பார்வைதான். காங்கேயம் காளையை எடுத்துக் கொள்ளுங்கள். கன்று பிறக்கும்போது செந்நிறம். ஏறக்குறைய ஆறு மாதத்தில் அந்தச் செம்மை போய்ச் சாம்பல் நிறமாகிறது. பொலிகாளையாக வளர்ந்தால் திமிலும், முன்னுடம்பும், பின்தொடையும் கறுத்து மயிலை நிறம் கொள்ளும். காயடித்த எருதுக்கு அந்தக் கருமை குறைந்து வெளிறி விடும். கொம்பு வெளிப்புறம் வளைந்து பின்னே சென்று, நுனிகள் ஒன்றையொன்று தேடி வரும். இவற்றில் ஒன்றை அறியாதவன் அண்ணன்மார் தோட்டத்து மாட்டை வரைந்தால், காங்கேயம் சந்தைக்காரர் ஒருவரும் அதை விலைக்குக் கேட்க மாட்டார்.

நடையோ இன்னும் நுட்பம். மறுநாள் முகூர்த்தம் முடிந்ததும் அப்புச்சி எனக்கும் பையனுக்கும் அதை விளக்கினார். நல்ல மாடு நடக்கும்போது பின்னங்கால் குளம்பு முன்னங்கால் பதிந்த தடத்தை எட்டிப் பிடிக்கும். எட்டாவிட்டால் இடுப்பில் குறை. பாரம் இழுக்கும்போது தலை தாழும். அலைதாடி முன்னே ஆடிப் பின்னே வரும். திமில் ஒரு கணம் பிந்தித் துடிக்கும். கிணற்றில் கவலை இறைத்த நாளில், சால் நிறைந்த கனத்தையும் வெறுஞ்சாலின் கனத்தையும் மாட்டின் தோளைப் பார்த்தே சொல்லி விடலாமாம். பைகாரா மின்சாரம் 1930-களில் கோயமுத்தூர் ஜில்லாவுக்குள் வந்தது, ஊர் ஊராக மோட்டார் பம்புகள் வந்தன, கவலை போயிற்று. டிராக்டர் வந்தது, ஏரும் வண்டியும் குறைந்தன. வேலை போனபின் மாடும் குறைந்தது. கனத்தைத் தோளில் பார்க்கத் தெரிந்த கண்களும் குறைந்து வருகின்றன.

பதினைந்து நாள் அகப்படாத பிழை ஒரு நிமிஷத்தில் அகப்பட்ட ரகசியம் இதுதான். பெரியவர் பார்த்தது அந்நிய தேசத்து இரும்பு வீரனை அல்ல. பாரம் சுமக்கும் ஒரு ஜீவனைப் பார்த்தார். அது பாரத்தைச் சுமக்கவில்லை என்று தெரிந்து கொண்டார்.

* * *

உடனே “அந்நிய வீரனை விட்டுவிடு, அண்ணன்மாரைச் செய்” என்று உபதேசம் செய்யலாம்தான். உபதேசத்தால் கலை வளர்ந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை. மேலும், சொந்தக் கதையைத் தொடுவதில் அந்நியக் கதையில் இல்லாத பொறுப்புகள் உண்டு.

முதலாவது, அண்ணன்மார் இன்றும் பூஜை ஏற்கும் தெய்வங்கள். விரல் நுனியில் பொத்தானை அழுத்தி அவர்களைக் குதிக்க வைக்கலாமா என்று ஊரில் கேட்பார்கள்; கேட்பது நியாயம். இரண்டாவது இன்னும் முக்கியமானது. கதையில் எதிர்ப்பக்கம் நிற்கும் வேட்டுவரின் மரபில் வந்தவர்கள் இன்றும் அதே கொங்கு நாட்டில், அதே பள்ளிக்கூடங்களில், அதே சந்தைகளில் நம்முடன் வாழ்கிறார்கள். வீடியோ விளையாட்டுப் பழக்கத்தில், எதிரி என்றதும் கோரைப் பல்லும் சிவந்த கண்ணும் வைத்து விடுவது சுலபம். நிஜம் போலத் தோன்றும் படத்துக்கு அந்தத் தவறு பத்து மடங்கு விஷம். பாட்டில் கேட்டதைக் கேட்பவன் கற்பனை செய்து கொள்வான். கண்ணால் பார்த்ததை நம்பி விடுவான். தங்கள் காட்டைப் பறிகொடுத்தவர்களின் துயரத்தையும் வீரத்தையும் வரையத் தெரியாதவன் இந்தக் கதையை வரையக் கூடாது என்பது என் அபிப்பிராயம்.

இந்தப் பொறுப்புகளை ஏற்பவனுக்குக் கருவி தடையில்லை. காங்கேயத்துப் பையன் உபயோகிப்பது ‘பிளெண்டர்’ என்னும் சாதனம். ஒரு காலத்தில் அது ஒரு கம்பெனியின் சொத்து. கம்பெனி நொடித்தபோது, அதை உண்டாக்கிய ஹாலந்துக்காரர் டான் ரோசன்டால் 2002-ல் பொதுஜனங்களிடம் கை நீட்டினார். ஏழு வாரத்தில் ஒரு லட்சம் யூரோ சேர்ந்தது; சாதனம் விடுதலை பெற்றது. இன்று அதற்கு விலை கிடையாது. லட்வியா என்னும் சிறிய தேசத்தில் கின்ட்ஸ் ஸில்பலோடிஸ் அதைக் கொண்டு ‘ஃப்ளோ’ என்னும் படத்தைச் செய்தார். ஒரு பூனையின் கதை. மனிதப் பேச்சே கிடையாது. 2025-ல் ஆஸ்கார் பரிசு ஹாலிவுட் ராட்சதர்களைத் தாண்டி அந்தப் பூனைக்குப் போயிற்று. அதன் ரோமத்தில் ஒவ்வொரு மயிரும் நிஜமாக இருக்கவில்லை. ஆனால் அது குதிக்குமுன் தயங்கிய தயக்கம் நிஜமாக இருந்தது.

காங்கேயத்துக்கு அருகிலுள்ள திருப்பூர் ஒரு காலத்தில் தமிழ் நாட்டுக் கதர் இயக்கத்துக்குத் தலைநகரம் போல் விளங்கியது. ராட்டையை மகாத்மா ஏன் தேர்ந்தெடுத்தார்? குடிசையிலும் வைத்துச் சுற்றலாம், யார் அநுமதியும் வேண்டியதில்லை என்பதற்காகவே. மாடியறைப் பையனின் கையில் இருப்பதும் அப்படிப்பட்ட ராட்டைதான். பஞ்சு யாருடையது என்பதே கேள்வி.

* * *

மூன்றாம் நாள் காலையில் ஊருக்குப் புறப்படுமுன், அப்புச்சியின் தோட்டத்துக்குப் போனோம். தோட்டத்தை ஒட்டிக் கொறங்காடு. சுற்றிலும் கிளுவை வேலி. உள்ளே கொழுக்கட்டைப் புல். ஆங்காங்கே வெள்வேல மரம். பனி இன்னும் விலகவில்லை. அவரிடம் மீதமிருப்பவை இரண்டு பசுக்களும் ஒரு மயிலைக் காளையும்தான். பையன் புல்லில் குப்புறப் படுத்துக் கொண்டு, கைத்தொலைபேசியால் காளையின் குளம்புகளைப் படம் பிடித்துக் கொண்டிருந்தான். கலியாணத்துக்கு உடுத்திய புது வேட்டி முழுவதும் சாணம்.

“அந்தப் பக்கம் போ கண்ணு. வலப்பக்கம் இருந்து பாத்தாத்தான் திமிலு ஆடறது தெரியும்,” என்றார் அப்புச்சி.

“இதை வெச்சு என்ன செய்யப் போகிறாய்?” என்று நான் கேட்டேன். அண்ணன்மார் கதை என்று சொல்வான் என எதிர்பார்த்தேன் என்பதை ஒப்புக் கொள்கிறேன்.

“என்ற வீரனுக்கு நடையைச் சரி பண்ணோணுங்க,” என்றான்.

அப்புச்சி சிரித்தார். நானும் சிரித்தேன். வண்டிக்கு நேரமாகி விட்டது.

சென்ற வாரம் அவனிடமிருந்து ஒரு காட்சி வந்தது. நான்கு வினாடி. இரும்பு வீரன் நடக்கிறான்; கால் சேற்றில் அழுந்தி, தயங்கி, எழுகிறது. கனம் இருக்கிறது. அவனுக்குப் பின்னால், நிறம் தீட்டப்படாமல், வெறும் களிமண் உருவமாக ஒரு காளை நிற்கிறது. அது எதற்கு என்று பையன் எழுதவில்லை. நானும் கேட்கவில்லை.